ஒரு சொல் சொல்லிவிடும் வீடு

நவம்பர், செவ்வாய் இரவு.

அடுத்த வருடம் ஒட்டோமன் துருக்கிப் பேரரசின் வரலாற்றுப் பாடம் இல்லையென்று பல்கலைக்கழகம் முடிவெடுத்துவிட்டது. பாடம் போனால் அதைப் படிப்பிக்கும் நானும் போகத்தான் வேண்டும்.

காலை வகுப்பில் அந்தப் பேரரசின் கீழிருந்த டமாஸ்கஸ் நகரத்தைப் பற்றிப் பேசினேன். சுல்தான் அனுப்பும் ஆளுநர் அடிக்கடி மாறுவார். சனங்கள் அவரிடம் போவதில்லை. ஊரின் பெரிய குடும்பத்து வீட்டுக்குப் போய், காப்பி குடித்து, காரியத்தைச் சொல்வார்கள். வீட்டுப் பெரியவர் ஆளுநரிடம் ஒரு சொல் சொல்லிவிடுவார். வரி சேர்க்க ஆளுநருக்கு அவர் தேவை. அதனால் அந்தச் சொல் எடுபடும்.

பின்னேரம் நானும் அதையே செய்தேன். ஒரு பை பழத்துடன் லண்டன் கிங்ஸ்பரியில் எங்கள் கோயில் தலைவர் வீட்டுக்குப் போனேன். அவருக்கு எம்.பி.யைத் தெரியும் என்று எல்லாரும் சொல்வார்கள். தேத்தண்ணி வந்தது. விஷயத்தைச் சொன்னேன்.

“பாக்கிறன் தங்கச்சி” என்றார். பிறகு கதிரையைக் கிட்ட இழுத்தார். “என்ரை கடைசி மகள் உங்கடை யூனிவேர்சிற்றியிலை சட்டம் படிக்க அப்ளை பண்ணியிருக்கிறாள். நீங்கள் உள்ளுக்கை இருக்கிற ஆள். மேலிடத்திலை ஒரு சொல் சொல்லிவிடுங்கோ.”

சட்டத் துறையில் எனக்கு ஒருவரையும் தெரியாது. பொங்கல் விழாவில் ஒருமுறை அவருக்கு மாலை போட்டதற்கு மேல் அவருக்கும் எம்.பி.யைத் தெரிந்திராது.

“பாக்கிறன் அண்ணை” என்றேன்.

வாசலில், நான் கொண்டுபோன பழப் பையையே என் கையில் திருப்பித் தந்தார். “உங்களை வெறுங்கையோடை அனுப்பக் கூடாது.”

பை சமையலறை மேசையில் இருக்கிறது. அதைக் கொண்டுபோக இனி ஒரு வீடும் எனக்குத் தெரியவில்லை.