பதினொன்றாம் தேதி கான்ஃபரன்ஸ்

அக்ரன், ஒஹாயோ
8 டிசம்பர் 1986

அன்புள்ள எல்ஸி,

விமானச் சீட்டு கைக்கு வந்துவிட்டது. ஜனவரி ஏழாம் தேதி இங்கே ஏறினால் ஒன்பதாம் தேதி சுபாங் விமான நிலையத்தில் இறங்குவேன். இருபத்து நான்காம் தேதிக் கல்யாணத்துக்கு அதன் பிறகும் இரண்டு வாரம் இருக்கிறது. அம்மாவிடம் சொல்: இந்த முறை பரீட்சையும் இல்லை, வேலை மாற்றமும் இல்லை. மாப்பிள்ளை வருகிறார்.

இங்கே பனி முழங்கால் வரை. சுங்காய் தோட்டத்தில் அப்பா ரப்பர் மரம் வெட்டிப் பால் எடுக்கிறார். நான் இங்கே டயர் கம்பெனி ஆய்வுக்கூடத்தில் ரப்பர் துண்டுகளை இழுத்து, எது எப்போது அறுகிறது என்று குறித்துக்கொண்டிருக்கிறேன். அப்பாவிடம் இதை விளக்கியபோது, "அறுக்கிறதுக்கா சம்பளம் குடுக்கிறான்?" என்று கேட்டார்.

போன மாதம் அடுத்த மேசைக்காரர் கிளீவ்லண்டுக்குப் பந்து விளையாட்டுப் பார்க்கக் கூட்டிப்போனார். நம் ஊர்ப் பந்து இல்லை. பந்து முட்டை வடிவம், காலால் உதைப்பதே அபூர்வம், ஆனாலும் பெயர் ஃபுட்பால். ஏரிக்கரையில் பெரிய மைதானம். எண்பதாயிரம் பேர். கோல் பக்கம் இருக்கிறவர்கள் நாய் முகமூடி போட்டுக்கொண்டு குரைக்கிறார்கள்! வக்கீல், டாக்டர் எல்லாம் குரைக்கிறார்கள். நானும் குரைத்தேன் எல்ஸி. மூன்று வருடத்தில் அன்றைக்குத்தான் யாரும் என்னை எந்த ஊர் என்று கேட்கவில்லை.

உன் நூலகத்துப் புத்தகங்களுக்கு என் விசாரிப்பு.

என்றும் உன்
ஆம்புரோஸ்


சிலிபின், ஈப்போ
20 டிசம்பர் 1986

அன்புள்ள ஆம்புரோஸ் அவர்களுக்கு,

நலம். உங்கள் நலமே எங்கள் வேண்டுதல்.

நாய் விஷயத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். "குலைக்கிறதுக்கா அவ்வளவு தூரம் போனாரு? சிலிபின்ல இல்லாத நாயா லா?" என்றார். பிறகு அடுப்படிக்குப் போய்த் தனியாகச் சிரித்தார். நீங்கள் எழுதினால் அம்மா சிரிக்கிறார். அதனால்தான் உங்களிடம் அவரால் கோபப்பட முடியவில்லை.

கோயிலில் பேசிவிட்டோம். ஜனவரி 4, 11, 18 மூன்று ஞாயிறும் பூசையில் நம் இருவர் பெயரையும் சொல்லிக் கல்யாண ஓலை வாசிப்பார்கள். மூன்றாவது ஓலைக்கு முன் நீங்கள் இங்கே இருந்தால் போதும் என்றார் ஃபாதர்.

ஒன்று சொல்ல வேண்டும். சொல்லாமல் விடுவது என் வழக்கம், இந்த முறை எழுதிவிடுகிறேன். இரண்டு தடவை தள்ளிப்போன கல்யாணம் இது. கோயில் வாசலில் பெண்கள் பேச்சை நிறுத்திவிட்டு எனக்கு வழிவிடுகிறார்கள். பேசினால்கூடத் தேவலாம். மூன்றாவது தடவை ஒன்று வந்தால் எனக்குத் தாங்காது. நூலகத்தில் அலமாரிக்குப் பின்னால் எவ்வளவு நேரம்தான் மறைந்து நின்றுகொண்டிருப்பது?

குளிருக்குக் காது மூடிக்கொள்ளுங்கள்.

உங்கள்
எல்ஸி


அக்ரன்
4 ஜனவரி 1987

அன்புள்ள எல்ஸி,

நேற்று மைதானத்தில் நடந்ததை எப்படிச் சொல்வது! தொண்டை போய்விட்டது, கையாவது இருக்கிறதே என்று எழுதுகிறேன். நான்கு நிமிடம்தான் பாக்கி, நாங்கள் பத்துப் புள்ளி பின்னால். பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள். நான் போகவில்லை. சமன் செய்தோம்! கூடுதல் நேரம், அதுவும் போதாமல் இன்னொரு கூடுதல் நேரம். ஜெயித்தோம். முன்பின் தெரியாத ஒரு கிழவர் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார்.

இங்கே அணிகளை இரண்டு பிரிவாகப் பிரித்திருக்கிறார்கள். ஒவ்வொரு பிரிவுக்கும் கான்ஃபரன்ஸ் என்று பெயர். வரும் ஞாயிறு, பதினொன்றாம் தேதி, எங்கள் பிரிவின் இறுதி ஆட்டம்: கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப். கிளீவ்லண்டிலேயே, டென்வர் அணியோடு. இந்த ஊர் கோப்பை பார்த்து இருபத்திரண்டு வருடம். அடுத்த மேசைக்காரர் எனக்கும் ஒரு சீட்டு வாங்கிவிட்டார். எப்படி மாட்டேன் என்பேன்?

அதனால் பயணத்தைப் பதின்மூன்றாம் தேதிக்கு மாற்றிவிட்டேன். பதினைந்தில் அங்கே இருப்பேன், கல்யாணத்துக்கு ஒன்றும் ஆகாது. ஒருவேளை ஜெயித்தால் மட்டும், இருபத்தைந்தாம் தேதி கலிஃபோர்னியாவில் கடைசி ஆட்டம். அப்படியானால் பிப்ரவரியில் ஒரு நாள் பார்த்துக்கொள்ளலாம். தவக்காலத்தில்தான் கல்யாணம் கூடாது, அது மார்ச்சில்தானே?

தந்தி அடித்திருக்கிறேன். நீ ஒருத்திதான் புரிந்துகொள்வாய்.

உன்
ஆம்புரோஸ்


சிலிபின்
6 ஜனவரி 1987

அன்புள்ள ஆம்புரோஸ் அவர்களுக்கு,

நேற்று தந்தி வந்தது. "CONFERENCE 11 JANUARY TRIP DELAYED LETTER FOLLOWS." முதல் பார்வையில் 'DELAYED' என்ற சொல் மட்டும்தான் கண்ணில் பட்டது. அம்மா பக்கத்தில் நின்று, "என்னலா, மறுபடியுமா?" என்றார். பிறகுதான் முதல் சொல்லைப் பார்த்தேன். "மாநாடும்மா. அவருக்கு மாநாடு இருக்கு" என்று சொன்னேன்.

அம்மாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். சாயங்காலத்துக்குள் இந்தத் தெரு முழுக்கச் செய்தி. "எங்க மாப்பிள்ளை அமெரிக்காவுல மாநாட்டுல பேசுறாரு." எதிர் வீட்டு நவமணி அக்கா, "வெள்ளைக்காரனுக்கே சொல்லிக் குடுக்கப் போறாரா?" என்று கேட்டார். உங்கள் அப்பாவுக்கும் செய்தி போய்விட்டது. தோட்டத்தில் வேலையாட்களை மேற்பார்க்கும் மண்டோரே வந்து கைகுலுக்கினாராம்.

முதல் ஓலை வாசித்துவிட்டார்கள். என் பெயரையும் உங்கள் பெயரையும் சேர்த்துக் கேட்டபோது தலையைக் குனிந்துகொண்டேன்.

எதைப் பற்றிப் பேசுகிறீர்கள்? ரப்பரைப் பற்றித்தானே? நீங்கள் வந்து சொல்லும்போது விழிக்கக்கூடாது என்று நூலகத்திலிருந்து ரப்பர் வேதியியல் புத்தகம் ஒன்று எடுத்து வந்திருக்கிறேன். கந்தகம் சேர்த்துச் சூடாக்கினால் இறுகும் என்பது வரை வந்திருக்கிறேன். மேலே கஷ்டமாக இருக்கிறது.

தள்ளிப்போனது வருத்தம்தான். ஆனால் இந்தக் காரணத்துக்கு வருத்தப்பட எனக்கே வெட்கமாக இருக்கிறது. நன்றாகப் பேசிவிட்டு வாருங்கள்.

உங்கள்
எல்ஸி


சிலிபின்
13 ஜனவரி 1987
(சுங்காய் தோட்டத்து முகவரிக்கு)

அன்புள்ள ஆம்புரோஸ் அவர்களுக்கு,

ஆறாம் தேதி நான் எழுதிய கடிதம் அக்ரனில் பூட்டிய வீட்டுக்குப் போய்க்கொண்டிருக்கும். நீங்கள் படிக்காமல் போனதே நல்லது. இது உங்களுக்கு முன்னால் சுங்காய்க்குப் போய்ச் சேரட்டும்.

நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். ஞாயிறு இரண்டாவது ஓலை. வாசித்து முடித்ததும் ஃபாதர், "இன்று அமெரிக்காவில் மாநாட்டில் பேசவிருக்கும் நம் ஆம்புரோஸுக்காக வேண்டிக்கொள்வோம்" என்றார். கோயில் முழுவதும் எழுந்து நின்றது. இத்தனை நாள் எனக்கு வழிவிட்ட பெண்கள் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். நானும் வேண்டிக்கொண்டேன். உங்களுக்கு நாக்குக் குழறக்கூடாது என்று.

மறுநாள் உங்கள் கடிதம் வந்தது.

யாரிடமும் சொல்லவில்லை. புரியாததைப் புத்தகத்தில் தேடிப் பழகியவள், அதனால் நூலகத்தில் கலைக்களஞ்சியத்தை எடுத்து உங்கள் விளையாட்டைப் படித்தேன். பத்து கஜம் முன்னேற நான்கு வாய்ப்பு. முன்னேறினால் இன்னும் நான்கு. இல்லாவிட்டால் பந்து எதிரிக்கு. படித்துக்கொண்டிருக்கும்போதே ஆட்டம் முடிந்து சில மணி நேரம் ஆகியிருக்கும் என்று தெரியும், முடிவுதான் தெரியாது. நேற்று முழுவதும், புத்தகங்களில் முத்திரை குத்திக்கொண்டே, நான் பார்த்தறியாத ஓர் ஊர் தோற்க வேண்டும் என்று செபித்தேன். உங்களைக் கட்டிக்கொண்டு அழுத அந்தக் கிழவர் மறுபடி அழ வேண்டும் என்றுதானே அதற்கு அர்த்தம்? எனக்குள் இப்படி ஒருத்தி இருப்பது எனக்குத் தெரியாது.

இன்று காலைப் பத்திரிகையில், விளையாட்டுப் பக்கத்தின் அடியில் நான்கு வரி. டென்வர் 23, கிளீவ்லண்ட் 20. பத்திரிகையை மடித்துவைத்தேன். மத்தியானம் உங்கள் தந்தி: "LOST ARRIVING THURSDAY." அம்மா விடவில்லை. "லாஸ்ட்னா தொலைஞ்சு போச்சுன்னுதானே? என்னத்தைத் தொலைச்சாரு? பாஸ்போட்டையா?" பெட்டி என்று சொல்லிவிட்டேன். புது வேட்டி சட்டை எடுத்துவைக்கிறேன் என்று அம்மா கடைக்குக் கிளம்பிவிட்டார்.

நீங்கள் ஆட்டத்துக்காகத் தங்கியதைப் பற்றி நான் கேட்கப்போவதில்லை. ஒன்றே ஒன்று கேட்கிறேன். தந்தியில் 'FOOTBALL' என்று எழுதியிருக்கலாம். 'CONFERENCE' என்று எழுதும்போது, அந்தச் சொல் எங்கள் வீட்டில் எப்படி விழும் என்று உங்களுக்குத் தெரிந்திருந்ததா?

நேரில் வர வேண்டாம். நேரில் நீங்கள் பேசினால் நான் சிரித்துவிடுவேன். எழுதி அனுப்புங்கள். ஞாயிறு மூன்றாவது ஓலைக்கு முன் எனக்குக் கிடைக்க வேண்டும்.

எல்ஸி


சுங்காய் தோட்டம்
17 ஜனவரி 1987
(அப்பா கையில் கொடுத்தனுப்பியது)

என் எல்ஸி,

தெரிந்திருந்தது.

இதைவிட நல்ல பதில் ஒன்றைத் தேடி மூன்று தாள் கிழித்தேன். தந்தி அலுவலகத்தில் முதலில் 'CHAMPIONSHIP' என்றும் எழுதியிருந்தேன். உன் அம்மா முகம் நினைவுக்கு வந்தது. அந்தச் சொல்லை அடித்துவிட்டேன். எழுதியது பொய் இல்லையே, ஆட்டத்தின் பெயரே அதுதானே என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன்.

எனக்குத் தண்டனை கிடைத்துவிட்டது. ஐந்தரை நிமிடம்தான் இருந்தது. ஏழு புள்ளி முன்னால் இருக்கிறோம். எதிரிகள் அவர்களுடைய கோட்டுக்கு இரண்டு கஜத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறார்கள். தொண்ணூற்றெட்டுக் கஜம் போக வேண்டும். கலிஃபோர்னியாவுக்கு எப்படிப் போவது என்று பக்கத்தில் பேச ஆரம்பித்துவிட்டார்கள், நானும்தான். பிறகு அவர்கள் வந்தார்கள் எல்ஸி. கொஞ்சம் கொஞ்சமாக, ஒவ்வொரு முறையும் இதோ நிறுத்திவிட்டோம் என்று நினைக்கும்போது இன்னும் பத்து கஜம். குரைத்துக் குரைத்து ரத்தம் வரும்போல் இருந்தது. அரை நிமிடம் இருக்கும்போது சமன் செய்தார்கள். கூடுதல் நேரத்தில் முடித்துவிட்டார்கள். எண்பதாயிரம் பேர் அப்படி அமைதியாக நிற்பதை நீ பார்த்திருக்க மாட்டாய்.

இங்கே வந்து இறங்கியதும் மண்டோர் பிச்சைமுத்து, "மாநாட்டுல என்னா தம்பி பேசுனீங்க?" என்றார். லயத்துக் குடியிருப்பு ஆட்கள் சுற்றி நிற்கிறார்கள். அப்பா ஞாயிற்றுக்கிழமைச் சட்டையைப் போட்டுக்கொண்டு நிற்கிறார். நான் என்ன செய்ய? பேசினேன். ரப்பர் பற்றி ஏதோ ஐந்து நிமிடம்.

இனி உன்னிடம் எதையும் மறைக்க மாட்டேன். ஆனால் இந்த ஒன்றை மட்டும் மாநாடாகவே இருக்க விடு. நம் இருவருக்குள் இருக்கட்டும். பெரியவர்கள் சந்தோஷமாக இருக்கிறார்கள், யாருக்கு என்ன நஷ்டம்? நாளை மூன்றாவது ஓலை. அடுத்த சனிக்கிழமை நீ என் மனைவி. நினைத்தாலே நெஞ்சு நிறைகிறது.

உன் ஆம்புரோஸ்


சிலிபின்
18 ஜனவரி 1987

ஆம்புரோஸ் அவர்களுக்கு,

உங்கள் பதில் உண்மையாக இருந்தது. அதற்கு முதலில் நன்றி சொல்கிறேன்.

உங்கள் அப்பா நேற்று பஸ்ஸில் வந்து கடிதத்தைத் தந்தார். காப்பி குடிக்கும்போது என்னைப் பார்த்து, "பேசி முடிச்சதும் அத்தனை பேரும் எந்திரிச்சு நின்னு கை தட்டுனாங்களாம்மா. வெள்ளைக்காரன் எல்லாம். எம் மவன் சொன்னான்" என்றார். கை தட்டியதை நீங்கள் எனக்கு எழுதவில்லை.

"ஆமாங்க மாமா, எனக்கும் எழுதியிருந்தாரு" என்றேன்.

அவ்வளவு எளிதாக வந்தது. பெட்டி தொலைந்தது என்று அம்மாவிடம் சொன்னபோதாவது வாய் உலர்ந்தது. நேற்று அதுவும் இல்லை. மாமா காப்பியை வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இன்னும் நாற்பது வருடம் அவர் கேட்பார், நான் ஆமாங்க மாமா என்பேன். நமக்குப் பிள்ளைகள் பிறந்தால் அவர்களுக்கும் அந்தக் கைதட்டலை நான்தான் சொல்லித்தர வேண்டும்.

ஆட்டம் என்று எழுதியிருந்தால் அம்மா இரண்டு நாள் திட்டியிருப்பார், மூன்றாம் நாள் சிரித்திருப்பார். நானும் கோபித்துக்கொண்டு கலைக்களஞ்சியத்தை எடுத்திருப்பேன். எங்களுக்குப் புரியாத ஒரு சொல்லை நீங்கள் அனுப்பவில்லை. நாங்கள் எழுந்து நின்று மதிக்கிற சொல்லாகப் பார்த்து எடுத்தீர்கள்.

இன்று பூசைக்கு முன்னால், பீடத்துக்குப் பின்புற அறையில் ஃபாதரைப் பார்த்து, மூன்றாவது ஓலையை வாசிக்க வேண்டாம் என்றேன்.

"என்ன எல்ஸி, பயமா இருக்கா? எல்லாருக்கும் இருக்கிறதுதான்."

"பயம் இல்ல ஃபாதர். தடை இருந்தா சொல்லணும்னுதானே ஓலை வாசிக்கிறீங்க?"

"ஆமா. யாரும் ஏதும் சொன்னாங்களா?"

"நான்தான் சொல்றேன்."

காரணம் கேட்டார். எனக்கு மனம் ஒப்பவில்லை என்று மட்டும் சொன்னேன். பெண்ணுக்கு மனம் ஒப்பாதது பெரிய தடைதான் என்று தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். ஓலை நேரம் வந்தபோது வேறு அறிவிப்புகளுக்குப் போய்விட்டார். கோயிலில் எல்லோரும் ஒரே சமயத்தில் திரும்பினார்கள். இன்றைக்கு நான் தலையைக் குனியவில்லை.

உங்கள் அப்பாவிடம் நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். அது உங்கள் பாடு. அம்மாவிடம் மட்டும் வீட்டுக்கு வந்ததும் முழுவதும் சொன்னேன், தந்தியிலிருந்து தொண்ணூற்றெட்டுக் கஜம் வரை. புது வேட்டியை மடியில் வைத்துக்கொண்டு வெகுநேரம் அழுதார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, "அவ்வளவு தூரம் வந்து கடைசியிலயா தோத்தாங்க?" என்று கேட்டார். ஆமாம் என்றேன்.

"பாவம்லா" என்றார்.

யாரைச் சொன்னார் என்று நான் கேட்கவில்லை.

எல்ஸி