மருந்துப் பெட்டியில் மூன்று நாள்

என் அண்ணாவுக்கு, ரயிலில் எப்போதும் எனக்கு யன்னல் ஓரத்தைத் தந்தவனுக்கு,

வருகிற ஞாயிற்றுக்கிழமையோடு நீ இல்லாமல் ஒரு வருடம் முடிகிறது. திவசத்துக்கு ஐயருக்குச் சொல்லியாகிவிட்டது. அப்பா புரொண்பியில் உள்ள தமிழ்க் கடையில் வாழையிலைக்கும் மரக்கறிக்கும் சொல்லி வைத்திருக்கிறார். பாரிஸ் மாமியும் பிள்ளைகளும் வியாழக்கிழமை வருகிறார்கள். போன வருடம் சொந்தக்காரர் கல்யாண வீட்டுக்கு வந்து நின்ற மாதிரியே நான்கு நாள். அவர்களுக்கு இந்த முறையும் என் அறைதான். உன் அறையைக் கொடுக்கலாமே என்று அப்பா மெல்லக் கேட்டார். அம்மா கழுவின கரண்டியையே திரும்பவும் கழுவிக்கொண்டு நின்றார்.

எல்லோரும் படுத்த பிறகு போர்வைக்குள் இருந்து எழுதுகிறேன். என் தமிழ் எழுத்து இன்னும் சனிக்கிழமைப் பள்ளிக்கூட எழுத்துத்தான், பார்த்தால் சிரிப்பாய். டெனிஷில் என்றால் வேகமாக எழுதுவேன். ஆனால் நீயும் நானும் ரயிலில் தமிழில்தானே கதைத்தோம்? வேறு மொழியில் கூப்பிட்டால் நீ திரும்பிப் பார்க்கமாட்டாய் போல இருக்கிறது.

அண்ணா, எனக்குப் பயமாக இருக்கிறது. போன செவ்வாய்க்கிழமை எனக்கும் அது வந்தது.

பள்ளிக்கூடத்தால் வந்து, தண்ணீர் குடிக்கக் குழாயைத் திறந்தது வரை நினைவிருக்கிறது. பிறகு குசினி நிலத்தில் கிடந்தேன். குழாய் ஓடிக்கொண்டிருந்தது. கண்ணாடிக் குவளை உடைந்திருந்தது. நாக்கின் ஓரத்தில் இரத்தம். உனக்கு வந்து போனபின் நீ கண்ணாடியில் நாக்கை நீட்டிப் பார்ப்பாயே, அதே இடம். மணிக்கூட்டில் இருபது நிமிடம் காணாமல் போயிருந்தது.

கண்ணாடியைப் பொறுக்கினேன். நிலத்தைத் துடைத்தேன். ஏன் சாப்பிடவில்லை என்று அம்மா கேட்டபோது, தேத்தண்ணி சுட்டுவிட்டது என்றேன். எவ்வளவு சுலபமாக வந்தது அந்தப் பொய். இந்த வீட்டில் பழகியதுதானே?

உன் வருத்தத்தைப் பற்றி அம்மா என்னிடம் ஒரே ஒரு தடவைதான் இருத்தி வைத்துக் கதைத்தார். "ஆருக்கும் சொல்லிப்போடாதை, பிள்ளை. வலிப்பு எண்ட சொல் வெளியாலை போச்செண்டால் அண்ணாவுக்கு ஒருத்தரும் பொம்பிளை தராயினம். நாளைக்கு உன்னையும் கேட்டு வராயினம்." எனக்கு அப்போது பதினொரு வயது. வாசலில் சப்பாத்தைக் கழற்றுவது போல இதுவும் ஒரு வீட்டு வழக்கம் என்று எடுத்துக்கொண்டேன். உன் டொக்டருக்குத் தெரியும். உன்னோடு படித்த டெனிஷ் பெடியன்களுக்கும் தெரியும். எங்கேயாவது விழுந்தால் பார்ப்பவர்களுக்குத் தெரியட்டும் என்று உன் கையில் கிடந்த காப்பில் வருத்தத்தின் பெயர் வெட்டியிருந்தது. தமிழ் ஆட்கள் வந்தால் மட்டும் நீ நீட்டுக்கை சேர்ட் போடுவாய். டெனிஷில் நீ நோயாளி, தமிழில் நல்ல சுகம்.

அந்தப் பெண்ணின் குரல் நினைவிருக்கிறதா? கோப்பன்ஹேகனிலிருந்து டோஸ்ட்ருப்புக்கு வரும் ரயிலில், காதுக் கருவியில் ஒன்றை உன் காதிலும் ஒன்றை என் காதிலும் வைத்து ஒரு பழைய ஒலிப்பதிவைக் கேட்கப் பண்ணினாயே. இரைச்சலுக்குள் ஒரு பெண் எதையோ எண்ணுகிறாள், சூடாக இருக்கிறது என்கிறாள். மனிதர் விண்வெளிக்குப் போகத் தொடங்கிய காலத்தில் வெளியே சொல்லாமல் அனுப்பப்பட்டவள், திரும்பி வரும்போது எரிந்துபோனவள், அரசாங்கமே ஒளித்துவிட்டது என்று கதை. நான் அதைக் காதிலிருந்து பிடுங்கி உன் மடியில் எறிந்தேன். உண்மையா என்று கேட்டேன்.

"பொய்யாத்தான் இருக்கும்" என்றாய். "பிறகு அந்த அரசாங்கத்தின்ர பழைய பத்திரமெல்லாம் திறந்து பாத்தவை. அப்பிடி ஒருத்தி போனதுக்கு ஒரு அத்தாட்சியும் இல்லை."

"அப்ப ஏன் சனம் நம்புது?"

"ஏனெண்டால் அந்த அரசாங்கம் ஒரு உண்மையான சாவை ஒளிச்சது. ஒண்டை ஒளிச்சவனுக்குப் பிறகு நூறு பொய்யை மறுக்க வாய் இராது."

பிறகுதான் அந்த அறையைப் பற்றிச் சொன்னாய். விண்வெளிப் பயிற்சிக்கு எடுத்தவர்களில் வயது குறைந்த ஒருவன். ஒட்சிசன் நிறைந்த ஒரு மூடிய அறையில் நாட்கணக்காகத் தனியே இருக்கவேண்டும். உடம்பில் ஒட்டியிருந்த கருவியைக் கழற்றி, அந்த இடத்தை மதுசாரம் நனைத்த பஞ்சால் துடைத்து, பஞ்சைப் பாராமல் எறிந்திருக்கிறான். அது சூடான மின்னடுப்பில் விழுந்தது. அறை முழுக்கத் தீ. கதவை உடனே திறக்க முடியவில்லை. வெளியே எடுத்தபோது, என் பிழைதான், வேறு யாரையும் குற்றம் சொல்லாதீர்கள் என்று சொன்னானாம். இருபது வருடத்துக்கும் மேலாக அவன் செத்ததை வெளியே சொல்லவில்லை. அந்தக் காலத்துக் குழுப் படங்களில் இருந்து சிலரை அழித்தும்விட்டார்கள். இருந்த இடத்தில் சுவர் அல்லது பூச்செடி.

நீ போனபின் உனக்கும் அப்படித்தான் நடந்தது, அண்ணா. அந்தத் திங்கட்கிழமை காலை உன் அறைக் கதவைத் திறந்தது அம்மா. நீ தலையணையில் முகம் புதைத்துக் கிடந்தாய். அம்புலன்ஸ் வந்தவர்களிடம் அம்மா உண்மையைச் சொன்னார். ஹோலில் நின்ற மாமியிடம் ஹார்ட் அட்டாக் என்றார். இரண்டு வசனத்துக்கும் இடையில் பத்தடி தூரம்கூட இருக்கவில்லை.

யார் நம்புவார்கள்? இருபத்திரண்டு வயதுப் பெடியனுக்கு ஹார்ட் அட்டாக்கோ என்று கடையில் என் முதுகுக்குப் பின்னால் கேட்டார்கள். போதைத் தூள் பாவித்தாயாம். டெனிஷ் பெட்டை ஒருத்தி விட்டுட்டுப் போனாளாம். நீயே ஏதோ குடித்தாயாம். வேலை முடிந்து வந்த அம்மா ஒருநாள் உடுப்பும் மாற்றாமல் இருந்து அழுதார். "என்ர பிள்ளை ஒரு சிகரெட் கூடப் பத்தாதவன்" என்றார். அதை எங்களிடம்தான் சொல்ல முடிந்தது. வெளியே சொல்ல அம்மாவுக்கு வாய் இருக்கவில்லை.

முப்பத்தோராம் நாள் கல்வெட்டு என்கிற நினைவுப் புத்தகம் அடித்துக் கொடுத்தோம். முதல் பக்கத்தில் உன் படத்துக்குக் கோட்டும் ரையும் போட்டிருந்தார்கள். செத்தவர்கள் எல்லோருக்கும் போடுகிற கோட்டுத்தானே, சிரிப்பு வந்தது. அடுத்த பக்கத்தில் நானும் நீயும் கடற்கரையில் ஐஸ்கிறீம் குடிக்கிற படம். அதில் உன் மணிக்கட்டைப் பார்த்தேன். காப்பு இல்லை. அம்மா சொல்லி அச்சகத்தில் அழித்திருக்கிறார்கள். அந்த இடத்தில் தோல் மட்டும், குழந்தையின் கை போல வழுவழுப்பாக.

ஆனால் அம்மாவைவிடப் பெரிதாக ஒளித்தவள் நான்.

கல்யாண வீட்டுக்கு ஆட்கள் வரமுதல், உன் மருந்துப் பெட்டியைக் குசினித் தட்டிலிருந்து எடுத்து மறைக்கச் சொல்லி அம்மா என்னிடம் தந்தார். ஒவ்வொரு நாளுக்கும் ஒரு மூடி உள்ள அந்த நீலப் பெட்டி. என் விளையாட்டுப் பைக்குள், சப்பாத்துக்கு அடியில் வைத்தேன். உனக்கும் சொன்னேன். அன்றிரவே மாமியும் மச்சாள்மாரும் என் அறையில் பாய் விரித்துவிட்டார்கள். அவர்களுக்கு முன்னால் நீ எப்படி வந்து என் பையைக் கிண்டுவாய்?

சனிக்கிழமை மண்டபத்தில், கையில் பலகாரத் தட்டோடு நின்ற என்னிடம் நீ வந்தாய். "என்ர சாமான் சந்திரனுக்கு அந்தப் பக்கம் போயிட்டுது போலை, சிக்னல் இல்லை" என்றாய். கொஞ்சம் பொறு, எடுத்துத் தாறன் என்றேன். நீ சிரித்தாய். பிறகு மச்சாள் நடனத்துக்குக் கூப்பிட்டாள். நான் மறந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமையும் மறந்தேன். நீயும் இரண்டாம் தரம் கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை? என்னைக் குழப்பக் கூடாது என்றா? அல்லது உனக்கும் ஆட்களுக்கு முன்னால் வெட்கமா?

உன் செத்த வீடு முடிந்தபின் பையைத் திறந்தேன். வியாழன் வரை வெறுமை. வெள்ளி, சனி, ஞாயிறு மூன்றும் நிறைந்திருந்தன. அம்மா ஒருநாள் பெட்டி எங்கே என்று கேட்டார். எறிந்துவிட்டேன் என்றேன். எறியவில்லை. இப்போதும் என் தலையணைக்குள் இருக்கிறது. என் பிழைதான், வேறு யாரையும் குற்றம் சொல்லாதீர்கள் என்று நானும் ஒரு வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், ஆனால் யாருக்கும் கேட்காமல்.

ஒன்பதாம் வகுப்புப் புரொஜெக்ட்டுக்கு அந்த அறையைப் பற்றித்தான் எடுத்தேன். உனக்காக. தேடும்போது நீ சொல்லாத ஒரு பகுதி கிடைத்தது. அல்லது எனக்குச் சின்ன வயது என்று நீ சொல்லாமல் விட்டாயோ? அந்தத் தீக்குச் சில வருடங்கள் கழித்து, விண்வெளிக்குப் போட்டிபோட்ட மற்ற நாட்டில், ஒட்சிசன் நிறைத்த விண்கலத்துக்குள் மூன்று பேர் தரையிலேயே எரிந்து செத்தார்கள். ஒரு ஒத்திகையின்போது. முதலாவது சாவு வெளியே தெரிந்திருந்தால் இந்த மூன்று பேரும் பிழைத்திருப்பார்கள் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். இல்லை, ஆபத்து அவர்களுக்கு முதலே தெரியும் என்கிறார்கள் வேறு சிலர். எது சரி என்று எனக்குத் தெரியாது. இரண்டையும் எழுதினேன்.

நேற்று வகுப்பில் ஒத்திகை பார்த்தோம். எமில் என்று ஒருவன், எதற்கும் பகிடி விடுகிறவன், கையை உயர்த்தினான். அப்படியென்றால் வெட்கத்துக்காகவா ஒளித்தார்கள், வெட்கத்தாலா ஆட்கள் சாகிறார்கள் என்று கேட்டான். எல்லோரும் சிரித்தார்கள். நான் தாள்களை அடுக்கிக்கொண்டு என் இடத்தில் போய் இருந்தேன். கடித்த நாக்கு இன்னும் நோகிறது.

இன்று பின்னேரம் பெட்டியை எடுத்து வெள்ளிக்கிழமை மூடியைத் திறந்தேன். உன் மாத்திரையை நானே விழுங்கிவிட்டால் ஒருவருக்கும் ஒன்றும் சொல்லத் தேவையில்லை என்று நினைத்தேன். மாத்திரை உள்ளங்கையில் இருந்தது. அப்போதுதான் பயம் சரியாகப் பிடித்தது, அண்ணா. நான் கதவை உள்ளே பூட்டிக்கொண்டு அந்தத் தீப்பிடித்த அறைக்குள்ளேயே போகப் பார்த்தேன். மாத்திரையைத் திரும்பப் பெட்டியில் வைத்து மூடினேன்.

வியாழக்கிழமை மாமி வந்துவிட்டால் நான்கு நாளைக்கு இந்த வீட்டில் ஒன்றும் கதைக்க முடியாது. அது உனக்குத்தான் நன்றாகத் தெரியும்.

அதனால் நாளைக் காலை, அம்மா வேலைக்கு வெளிக்கிடமுதல், அவருடைய தேத்தண்ணிக் கோப்பைக்குப் பக்கத்தில் அந்தப் பெட்டியை வைப்பேன். நாக்கை நீட்டிக் காட்டுவேன். வாயால் வராவிட்டால் இந்தக் கடிதத்தைப் பெட்டிக்கு அடியில் வைத்துவிட்டு நிற்பேன், ஓடமாட்டேன். அம்மா அடித்தாலும் சரி, அழுதாலும் சரி. டொக்டரிடம் போகும்வரை சப்பாத்தைக் கழற்றமாட்டேன்.

எனக்கும் ஒரு காப்புத் தருவார்கள் என்றால், உன்னுடையதுக்கு இருந்த அதே வெள்ளி நிறத்தில் கேட்பேன். ஞாயிற்றுக்கிழமை அரைக்கைச் சட்டை போட்டுக்கொண்டு உன் படத்துக்கு விளக்குக் கொளுத்துவேன். என்ன பிள்ளை கையிலை என்று மாமி கேட்டால், இது அண்ணாவுக்கும் இருந்தது என்று சொல்வேன். இதை உனக்குச் சத்தியம் பண்ணித் தருகிறேன்.

நீ கேட்டதை ஒரு வருடம் பிந்தி எடுத்துத் தருகிற,
உன் தங்கச்சி
துர்க்கா