மாமா வேஷம்

மார்ச் 4

அன்பு மருமகன் சிட்டுவுக்கு மாமா எழுதுவது,

நானும் உன் அத்தையும் இங்கே குறையில்லாமல் இருக்கிறோம். நீ ஷூட்டிங்குக்கு நடுவே வேளைக்குச் சாப்பிடுகிறாயா? வெளிநாட்டில் உனக்குப் பெரிய விருது கொடுத்த செய்தியைப் பேப்பரிலிருந்து வெட்டிப் பட்டறைக் கதவில் ஒட்டிவிட்டேன். எரிந்துபோன மோட்டாருக்குக் காயில் கம்பி கட்டிக்கொள்ள வருகிறவன் எவனும் அதைப் படிக்காமல் உள்ளே வர முடியாது. "பெத்தது எங்க அக்கா, நடிப்புச் சொல்லிக்கொடுத்தது நான்" என்று ஒரு பிட்டும் சேர்த்துவிட்டேன். உலகமே தூக்கிவைத்துக் கொண்டாடுகிறவன் நீ, மாமனின் ஒரு பொய்யைத் தாங்க மாட்டாயா?

போன வாரம் மேயர் வீட்டு மோட்டார் வந்தது. மேயர் வீடு என்றால் அவருடைய டிரைவரின் மச்சினன் வீடு. நான் கை வைத்ததும் குதிரை மாதிரி ஓடியது. மனுஷன் காலில் விழாத குறைதான்.

நீ கேட்டபடி பேசுகிற மாதிரியே எழுதியிருக்கிறேன். இவ்வளவு பெரிய நடிகனாகியும் மாமன் பேச்சுக்கு ஏங்குகிறாயே, எனக்கு அது போதும்.

உன் தாய்மாமன்

மார்ச் 19

அன்பு மாமாவுக்கு,

உங்கள் கடிதத்தைச் சத்தமாகவே படித்தேன். மேயர் கதைக்கு வயிறு வலிக்கச் சிரித்தேன். ஆனால் நீங்கள் சிரிக்க வைப்பதையே எழுதுகிறீர்கள். வாய் அடைத்துப்போன நாள் என்று ஒன்று உங்களுக்கும் இருக்குமே, மாமா? எனக்கு மட்டும் எழுதுங்கள். யாரிடமும் சொல்ல மாட்டேன்.

உங்கள் சிட்டு

ஏப்ரல் 2

சிட்டுக் கண்ணுக்கு,

இதை வீட்டில் எழுத முடியாது. பட்டறையில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

எனக்கா வாய் அடைக்கும்? ஆனால் பேசியே தீரவேண்டியிருந்த நாள் ஒன்று உண்டு. குழந்தை வயிற்றிலேயே போய்விட்டது என்று டாக்டர் சொன்ன நாள். உன் அத்தை உள்ளே. என்னை விடவில்லை. வராந்தாவில் நின்று அழுதால் அவளுக்குக் கேட்கும். அதனால் அங்கே நின்ற வார்டுபாயைப் பிடித்துவைத்துக்கொண்டு, நான் கப்பல் ஓட்டிய கதையைச் சொன்னேன். நான் எந்தக் காலத்தில் கப்பல் ஓட்டினேன்! விடாமல் சிரித்தேன். "இந்த ஆளுக்குக் கிறுக்குப் பிடிச்சிருச்சா?" என்று நர்ஸ் திட்டினாள்.

பிறகு உன் அத்தை சொன்னாள்: "உங்க சத்தம் கேட்டுச்சு. அதைப் பிடிச்சுக்கிட்டுத்தான் கிடந்தேன்."

எங்கள் இருவருக்கு மட்டும் தெரிந்தது இது. இப்போது உனக்கும்.

மாமா

செப்டம்பர் 28

சிட்டு,

உன் புதுப் படம் பார்த்தோம். பட்டறைக்கு லீவு விட்டு, எதிர்க்கடைக்காரர், பழைய வாடிக்கையாளர்கள் என்று ஒரு வரிசை முழுக்கக் கூட்டிப்போனேன்.

நரைமுடி வைத்துக்கொண்டு நீ வந்தாய். என் நடை. மூக்கைத் தேய்த்துவிட்டு அளந்துவிடும் என் பழக்கம். மேயர் வீட்டு மோட்டார்கூட வந்தது. "யோவ், இது நீதானய்யா!" என்று எதிர்க்கடைக்காரர் என் தொடையில் அடித்தார். எல்லாரையும்விடப் பலமாகச் சிரித்தது நான்தான். பெருமையாகத்தான் இருந்தது.

அப்புறம் அந்த வராந்தா வந்தது. பெண்டாட்டி உள்ளே துடிக்க, வெளியே குடித்துவிட்டுக் கப்பல் கதை சொல்லிக் கெக்கலி கொட்டுகிறான் ஒருத்தன். என்னைக் குடித்து எப்போதடா பார்த்தாய்? ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. உன் அத்தை இருட்டில் என் பக்கம் திரும்பினாள். "அவன்கிட்ட சொன்னீங்களா?" அவ்வளவுதான் கேட்டாள். எழுந்து போய்விட்டாள். நான் எல்லார் காலையும் மிதித்துக்கொண்டு பின்னாலேயே ஓடினேன்.

அன்றிலிருந்து வேண்டியதற்கு மட்டும்தான் பேசுகிறாள். நான் வாயைத் திறந்தால் அடுத்த அறைக்குப் போய்விடுகிறாள்.

நீ ஏங்கியது மாமனுக்கா, இந்த வேஷத்துக்கா? ஒரு வரி எழுது. பொய்யாக இருந்தாலும் பரவாயில்லை.

மாமா

அக்டோபர் 15

அன்பு மாமாவுக்கு,

கோபப்படாதீர்கள். அது நீங்கள் இல்லை, ஒரு கதாபாத்திரம். குடியைச் சேர்த்தது டைரக்டர். அந்த வராந்தா காட்சிக்காகத்தான் இந்த வருடமும் விருதுக்கு என் பெயர் போயிருக்கிறது. ஒரு விதத்தில் அது உங்களுக்குச் செய்த மரியாதைதானே?

அத்தை பேசுவதில்லை என்று எழுதியிருந்தீர்கள். அப்போது வீட்டில் நீங்கள் என்ன செய்கிறீர்கள்? எங்கே உட்காருகிறீர்கள்? கொஞ்சம் விவரமாக எழுதுங்களேன்.

உங்கள் சிட்டு

அக்டோபர் 30

சிட்டுவுக்கு,

கடிதம் கிடைத்தது. நலம். இங்கே மழை பெய்தது. பட்டறைக்கு ஒரு மோட்டார் வந்தது, கட்டிக் கொடுத்தேன்.

வேறு விசேஷம் இல்லை.

மாமா