பால் வெட்டும் பார்வதி

அத்தை,

இன்று காலை கடைத் தொலைக்காட்சியில் நீங்கள் வந்தீர்கள். யட்டியாந்தோட்டைக் கடைத்தெருவில் ஒரு துணிக்கடையில் இப்போது துணி மடிக்கிற வேலை எனக்கு. ஏதோ பழைய நாடகத்தை மறுபடி போட்டிருந்தார்கள். பெரிய வீட்டில் எல்லோரும் சண்டை பிடித்துக்கொண்டிருக்க, நீங்கள் தேநீர்த் தட்டோடு வந்து, ஒரு நிமிடம் நின்று, தட்டை வைத்துவிட்டுப் போனீர்கள்.

முதலாளி எட்டிப் பார்த்தார். "மகள், இது ஒங்கட தோட்டத்துப் பொம்புளதானே? மௌத்தாப் போனவ?"

"ஆமாங்க, போய்ச் சேந்துட்டாங்க."

"வாயே தொறக்காம என்னமா நடிக்கிறா, பாத்தியா?"

நான் தலையைக் குனிந்துகொண்டேன். மடித்து வைத்த சேலைகளையே திரும்பவும் பிரித்து மடித்தேன். உங்களிடம் சொல்லாத ஒன்றை இன்றைக்காவது எழுதிவிட வேண்டும் என்று அப்போதுதான் தோன்றியது.

தோட்டத்தில் எல்லோருக்கும் நீங்கள் நாடகக்காரம்மா. எனக்கு, லயத்து வரிசை வீடுகளில் பக்கத்துக் காம்பராவில் இருக்கிற அத்தை. படம் பிடிக்க வந்தவர்கள் கூட்டத்தில் நிற்க ஆள் தேடியபோது, ரப்பர் பால் வாளியோடு மலையிலிருந்து இறங்கிய உங்களைப் பிடித்து நிறுத்தினார்களாம். அன்று தொடங்கியது. அதன் பிறகு எத்தனை நாடகம், எத்தனை படம்! தேயிலைக் கொழுந்து எடுக்கிறவள், வேலைக்காரி, ஆஸ்பத்திரி வாசலில் அழுகிற தாய். ஒருத்திக்கும் பெயர் கிடையாது.

"நான் ரப்பர் காட்டுல பொறந்து வளந்தவ. கொழுந்த கேமராவுக்கு முன்னாலதான் கிள்ளியிருக்கேன்" என்று சிரிப்பீர்கள். சிங்களத்தைச் சுத்தமாகப் பேசுகிற உங்களிடம், கொஞ்சம் தப்பாகப் பேசுங்கள், அப்போதுதான் தோட்டத்து ஆள் மாதிரி இருக்கும் என்பார்களாம். "சரியாப் பேசுறது சுலபம் புள்ள. தப்பாப் பேசத்தான் ஒத்திகை பாக்கணும்."

பேச வரும், எழுத்து தெரியாது உங்களுக்கு. பக்கத்தில் தமிழ்ப் பள்ளிக்கூடம் இல்லாததால் நான் சிங்களப் பள்ளிக்கூடத்தில் பத்தாம் வகுப்பு வரை படித்தேன். எழுந்து வாசி என்றால் எனக்குக் குரலே வராது. பிள்ளைகள் சிரிப்பார்கள். ஒரு நாள் போகாமல் இருந்தேன், அப்படியே நின்றுவிட்டேன். ஆனால் உங்கள் காம்பராவில் உட்கார்ந்து வசனம் வாசிக்க மட்டும் குரல் வந்தது.

"பள்ளிக்கூடத்துல வராத சத்தம் இங்க எப்படிடி வருது?"

"இங்க நீங்க மட்டுந்தானே அத்தை."

எங்கள் லயத்தில் சிக்னல் கிடைக்கிற ஒரே இடம் எங்கள் வீட்டுச் சன்னல். போனை நூலில் கட்டி அங்கே தொங்கவிட்டிருப்போம். லயத்தில் யாருக்கு அழைப்பு வந்தாலும் அந்தப் போனுக்குத்தான் வரும். கேட்டு வந்து சொல்வது என் வேலை. சாவுச் செய்தி, பிரசவச் செய்தி, கொழும்பு வேலைச் செய்தி எதையும் நான் சொல்லாமல் விட்டதில்லை. உங்களுக்கு வந்த ஒன்றைத் தவிர.

போன வருடம் வாட்ஸ்அப்பில் உங்களுக்கு வசனத் தாள்கள் வந்தன; வேடம் உங்களுக்கா என்று பிறகு அழைத்துச் சொல்வதாக எழுதியிருந்தது. வாசிக்க வாசிக்க நீங்கள் என் கையைப் பிடித்துக்கொண்டீர்கள்.

"என்ன மாதிரி பால் வெட்டுறவளா? நெசமாவா? பேர் இருக்கா பாரு."

"பார்வதி."

"பேர் இருக்குடி!" என்று லயமே கேட்கக் கத்தினீர்கள். மகனுக்காகக் கோர்ட்டுக்குப் போகிற தாய். நாடகம் முழுக்க வருகிறவள். "நீயும் வா புள்ள. அங்க ஒக்காந்து நீ வாசிக்கணும். இல்லாட்டி எனக்கு ஓடாது" என்றீர்கள். நான் சிரித்தேன்.

அழைப்பு வந்தபோது நீங்கள் தண்ணீர்ப் பீலியில் குளித்துக்கொண்டிருந்தீர்கள். நான்தான் எடுத்தேன். நாடகத்துக்கு ஆள் சேர்க்கிறவர் சிங்களத்தில் படபடவென்று பேசினார். வேடம் உங்களுக்குத்தான், வியாழக்கிழமை கொழும்புக்கு வர வேண்டும், வசனம் வாசிக்கிற நங்கியும் கூட வரட்டும் (தங்கச்சி என்று என்னைத்தான்), பதினைந்து நாள் தங்க வேண்டும். இன்று பொழுது சாய்வதற்குள் பதில் வராவிட்டால் வேறு ஆளுக்குப் போய்விடும்.

சரி, அத்தையிடம் கேட்டுச் சொல்கிறேன் என்ற அர்த்தத்தில் "ஹரி" என்றேன். வைத்துவிட்டேன்.

பதினைந்து நாள். தெரியாத வீடு. அத்தனை பேர் சுற்றி நிற்க நடுவில் நான் வாசிக்க வேண்டும். ஈரத் தலையோடு நீங்கள் படியேறி வந்ததைப் பார்த்தேன். கொஞ்சம் கழித்துச் சொல்லலாம் என்று நினைத்தேன். பிறகு அவர் மறுபடி அழைத்துவிடுவாரோ என்று பயந்து போனை அணைத்தேன்.

விளக்குப் போடுகிற நேரத்தில் வந்தீர்கள். "போன் ஏதும் வந்துச்சா புள்ள?"

"இல்ல அத்தை."

"நாம எடுத்துக் கேட்டாத்தான் என்ன?" என்று அம்மா உள்ளேயிருந்து சொன்னார். நீங்கள் தலையை ஆட்டினீர்கள். "வேஷம் குடுங்கன்னு நான் யாருக்கும் போன் பண்ணினதில்ல. இனிமேயா பண்ணப் போறேன்?" உங்கள் பிடிவாதம் எனக்குத் தெரியும். தெரிந்துதான் பொய் சொன்னேன்.

வியாழன் போனது. அடுத்த வியாழனும் போனது. நீங்கள் தினமும் கேட்டீர்கள், பிறகு கேட்பதை விட்டீர்கள்.

அந்த நாடகம் தொலைக்காட்சியில் வந்தபோது எங்கள் வீட்டில் உட்கார்ந்துதான் பார்த்தீர்கள். வேறொருத்தி பார்வதியாக நடித்தாள். ரப்பர் மரத்தைக் கீழேயிருந்து மேலே சுரண்டினாள். "ஐயோ, அப்படி வெட்டாதடி, மரம் செத்துரும்!" என்று நீங்கள் சொல்ல, எல்லோரும் சிரித்தோம். கோர்ட் காட்சியில் அவள் குலுங்கி அழுதாள். அம்மா கண்ணைத் துடைத்தார்.

நீங்கள் மெதுவாகச் சொன்னீர்கள்: "நல்லாத்தான் அழுவுறா. நானா இருந்தா அழுதிருக்க மாட்டேன். பெத்தவ அந்த எடத்துல அழுவ மாட்டா." அப்போது என் பக்கம் திரும்பினீர்களா? நான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்குத் தெரியாது.

நோயில் விழுந்த உங்களை ஆஸ்பத்திரியில் கடைசியாகப் பார்க்க வந்த அன்று, "பார்வதி கோர்ட்டுல பேசுறத வாசி" என்றீர்கள். போனில் அந்தத் தாள்கள் இன்னும் இருந்தன. வார்டு நிறைய ஆட்கள். நீதிபதியின் கேள்விகளை நான் வாசித்தேன். பதில் ஒன்றுகூடத் தவறாமல், தப்புச் சிங்களத்தில் அல்ல, உங்கள் சிங்களத்தில் சொன்னீர்கள். பக்கத்துக் கட்டில் நோயாளி எழுந்து உட்கார்ந்துவிட்டார். நீங்கள் அழவில்லை.

"எப்படி இருந்துச்சு?"

"நல்லா இருந்துச்சு அத்தை."

அதைச் சொல்லிய வாயால் மற்றதையும் சொல்லியிருக்கலாம். மணி அடித்தார்கள், பார்க்க வந்தவர்களைப் போகச் சொன்னார்கள். நாளைக்கு என்று நினைத்துக்கொண்டு வந்தேன். விடியும்போது செய்தி வந்தது. லயம் முழுக்கப் போய் நான்தான் சொன்னேன்.

உங்கள் முப்பத்தொன்றாம் நாள் காரியம் முடிந்த வாரத்தில், ஆள் சேர்க்கிற அவரே மறுபடி அழைத்தார். அழுகிற தாய் வேடம், ஒரு நாள் வேலை, நீங்கள் வருவீர்களா என்று கேட்டார். நீங்கள் போய்விட்டதைச் சொன்னேன். "அனே" என்று வருத்தப்பட்டார். எனக்கு என்ன வந்ததோ, எல்லாவற்றையும் சொல்லத் தொடங்கிவிட்டேன். பார்வதி வேடம், வியாழக்கிழமை, போனை அணைத்தது, எல்லாம். ஒரு அந்நியரிடம் நான் அவ்வளவு நேரம் பேசியது அதுதான் முதல் முறை. திட்டுவார் என்று காத்திருந்தேன்.

"அது எந்த நாடகம் நங்கி?" என்றார். சொன்னேன். "ஞாபகம் இல்லையே. நிறையப் பேருக்கு போன் பண்ணுகிறோம்தானே. சரி, உங்கள் லயத்தில் அந்த அம்மா வயதில் வேறு யாராவது இருக்கிறார்களா?"

அவர் திட்டியிருந்தால் பாரம் கொஞ்சம் குறைந்திருக்கும். பார்வதி உங்களைத் தேடி வந்தாள் என்பது கொடுத்தவருக்கே நினைவில்லை. உங்களுக்கு அது தெரியாமலே போயிற்று. மீதி இருப்பவள் நான் ஒருத்திதான், அத்தை. நானும் மறந்துவிட்டால் அந்த வேடம் உங்களுக்குக் கிடைக்கவே இல்லை என்று ஆகிவிடும். அதனால் மறக்காமல் வைத்திருக்கிறேன்.