பட்டமளிப்பு நாளில் மட்டும் திறக்கும் வாசல்

அம்மா, வணக்கம். மூட்டுவலி தேவலையா? நான் சுகமாக இருக்கிறேன், கோபம்தான் இன்னும் ஆறவில்லை.

நாங்கள் பூச்சுவேலை செய்யும் பல்கலைக்கழகத்தின் பெரிய வாசலைப் பட்டமளிப்பு நாளில் மட்டும்தான் திறப்பார்களாம். தொடங்கிய காலத்திலிருந்தே அதுதான் மரபாம். போன வாரம், என் அறையில் தங்கியிருக்கும் கொத்தனார் அண்ணன் சாரத்திலிருந்து விழுந்து காலை ஒடித்துக்கொண்டார். ஆம்புலன்ஸ் வாசலுக்கு வெளியே வந்து நின்றும் பல்கலைக்கழகக் கட்டட மேலாளர் சாவி தரவில்லை.

"பின்வாசல் வழியா தூக்கிட்டுப் போங்க" என்றார்.

"மனுஷன் வலியில துடிக்கிறாரு, மரபாம் மண்ணாங்கட்டியாம்!" என்று கத்திக்கொண்டே சம்மட்டியால் பூட்டை உடைத்துவிட்டேன்.

அண்ணன் ஆஸ்பத்திரியில் தேறிவருகிறார். என் வேலைதான் போய்விட்டது. வேறு கிடைக்கும், கவலைப்படாதீர்கள். இன்னொரு முறை நடந்தாலும் உடைக்கத்தான் செய்வேன்.

அறையில் பேச்சுத்துணைக்கு ஆளில்லை. பக்கத்து வீட்டுச் சண்டையைக்கூட விடாமல் நீளமாக எழுதுங்கள். வேலை கேட்கக் கிளம்புகிறேன்.

உங்கள் மகன்