தேய்த்த பாறை

ஜூன் 4

சுண்டு, இன்றைக்கும் எனக்கு இரண்டாவது மாடிதான். பிரசவ வார்டு. நான் துடைத்துக்கொண்டே வர, பின்னாலேயே செருப்போடு நடக்கிறார்கள். முட்டி வலி. முன்பெல்லாம் உன்னிடம் புலம்புவேன், இப்போது இந்த நோட்டில். என் கோணல் எழுத்தைப் பார்த்தால் சிரிப்பாய். சிரி.

ஜூன் 8

ஞாயிறு. நீ வழுக்கி விழுந்த பாறைக்குப் போனேன். உன் அப்பா வரவில்லை. அந்தப் பக்கம் திரும்பவே அவருக்கு ஆகாது. மழையில் பல்லி பார்க்கப் போகாதே என்று எவ்வளவு சொன்னேன், கேட்டாயா?

நீ உட்கார்ந்து பல்லி எண்ணும் குடைவு ஒரே அழுக்கு. பாசி, வௌவால் எச்சம். என் பிள்ளை இருந்த இடம் இப்படியா கிடக்கும்?

ஜூன் 15

வாளியும் பிரஷ்ஷும் எடுத்துக்கொண்டு கிளம்பினேன். "ஆஸ்பத்திரியக் கழுவினது பத்தலையா, மலையையும் கழுவப் போறியா?" என்றார் அப்பா.

தரையைத் தேய்த்தேன். சுவரிலும் இடுக்கிலும் சுண்ணாம்புச் சொட்டு மாதிரி வெள்ளையாக ஒட்டிக்கிடந்தது. தேய்த்தும் போகவில்லை. தகட்டால் சுரண்டி எடுத்தேன். பளிச்சென்று ஆகிவிட்டது. வீட்டுக்கு வந்து படுத்ததும் தூங்கிவிட்டேன். எத்தனை நாளாயிற்று அப்படித் தூங்கி.

ஜூன் 17

அசதி.

ஜூன் 19

கண்ணாடிக்காரி வந்தாள். உன்னோடு மலையேறுவாளே, அவள்தான். இப்போது உன் பல்லிக் கணக்கெடுப்பு வேலையையும் அவளே பார்க்கிறாள். முகமே சரியில்லை.

"யாரோ பாறையச் சுரண்டியிருக்காங்கம்மா. அந்த வெள்ளை எல்லாம் பல்லி முட்டை. நாலஞ்சு பல்லி சேந்து ஒரே இடத்துல ஒட்டி வைக்கும். பேத்தா உடைஞ்சிடும்."

இந்தத் தீவில் அந்தப் பாறையை விட்டால் அந்த ஜாதிப் பல்லிக்கு வேறு இடம் கிடையாதாம்.

"நான்தான் கண்ணு" என்றேன்.

கண்ணாடியைக் கழற்றிவிட்டு அழுதாள். திட்டியிருந்தால் தேவலை. ஐயோ சுண்டு — பிரசவ வார்டு துடைக்கிறவடி நான். என் கையா? இந்தக் கையா செஞ்சுது?

ஜூன் 20

வேலைக்குப் போகவில்லை. "தெரியாம செஞ்சதுதானே, விடு. சாப்பிடு" என்று அப்பா தட்டை என் பக்கம் நகர்த்தினார்.

ஜூன் 22

கண்ணாடிக்காரியோடு போனேன். தகடு எட்டாத உள் இடுக்கில் கொஞ்சம் முட்டை மிச்சம். டார்ச் அடித்துக் காட்டினாள். பக்கத்தில் ஒரு பல்லி, கல்லோடு கல்லாக. கண் மட்டும் மினுங்கியது. இத்தனூண்டுக்காகவா நீ போனாய்?

"பொரியற வரைக்கும் யாரும் மேல வரக்கூடாதும்மா."

"நானுமா?"

அவள் டார்ச்சை அணைத்தாள். "உங்ககிட்ட நான் எப்படிம்மா சொல்லுவேன்?"

அவள் சொல்லத்தான் வேண்டும். ஆனால் உன்னப் பாக்க எனக்கு வேற எடம் எதுடி இருக்கு?

ஜூன் 29

ஞாயிறு. அடிவாரம் வரை போனேன். ஏறவில்லை. அப்பாவும் வந்தார். கீழேயே உட்கார்ந்திருந்தோம்.

இரண்டு பேர் கேமராவோடு ஏறப் பார்த்தார்கள். "மேல போகாதீங்க தம்பி, முட்டை இருக்கு" என்றேன்.

"ஆம்லெட் போடலாமா ஆன்ட்டி?" என்று ஒருத்தன் இளித்தான். அப்பா எழுந்து நின்றார். அவ்வளவுதான், இறங்கிப் போய்விட்டார்கள்.

முட்டையை ஒட்டி வைத்துவிட்டுத் தாய்ப்பல்லி அது பாட்டுக்குப் போய்விடுமாம், திரும்பிக்கூடப் பார்க்காதாம். கண்ணாடிக்காரி சொன்னாள்.

அதுக்கு மட்டும் எப்படிடி முடியுது, சுண்டு?