அண்ணி சொன்ன வரி

பட்டியாலா, ஜனவரி 9

அன்புள்ள சுர்ஜித் அண்ணிக்கு, தேஜிந்தர் வணக்கத்துடன் எழுதுவது. உங்கள் முழங்கால் வலி குறைந்ததா? நான் நலம்.

என் நாவலுக்குக் கல்லூரியில் சின்ன விழா எடுத்தார்கள். ஒரு மாணவி எழுந்து, அதில் வரும் விதவையின் பேச்சைப் படித்தாள்: "எருமைய விக்கிறப்பகூட என்னைக் கேட்டாங்க. கொழுந்தனுக்குக் கட்டிவைக்கிறப்ப யாரும் கேக்கல."

"இது யார் சொன்னது மேடம்?" என்றாள்.

"என் கற்பனைதாம்மா" என்றேன். எல்லோரும் கை தட்டினார்கள்.

பெரியண்ணன் இறந்து, உங்களை ஜக்தார் அண்ணனுக்குக் கட்டிவைத்த வருடம், வறட்டி தட்டிக்கொண்டே நீங்கள் என்னிடம் மட்டும் சொன்னது அது. புத்தகத்தில் போடும்போது நானும் உங்களைக் கேட்கவில்லை. வெட்கம் தாங்காமல் நேற்று அந்த மாணவியைக் கூப்பிட்டு உண்மையைச் சொன்னேன். "அவங்களுக்குத் தெரியுமா மேடம்?" என்றாள். அதனால்தான் இந்தக் கடிதம்.

அடுத்த மாதம் இரண்டாம் பதிப்பு வருகிறது. நீங்கள் வேண்டாம் என்றால் அந்த வரியை எடுத்துவிடுகிறேன். ஜக்தார் அண்ணன் நல்லவர்தான். ஆனாலும் தன் மனைவி அப்படிச் சொன்னாள் என்று தெரிந்தால் அவர் மனசு உடைந்துபோகும். இந்தக் கடிதத்தைக் கிழித்துவிடுங்கள்.

விடுதிச் சாப்பாடு தொண்டையில் இறங்கவில்லை. முடிந்தால் கொஞ்சம் எலுமிச்சை ஊறுகாய் அனுப்புங்கள். கோபமாக இருந்தால் ஊறுகாய் வேண்டாம், திட்டியாவது இரண்டு வரி எழுதுங்கள். வகுப்புக்கு மணி அடித்துவிட்டது.

உங்கள் நாத்தனார்,
தேஜிந்தர்